தொடர்ச்சிக் குறிப்பு

எட்கர் த்ரெல்ஃபாலின் முகம்
எந்த ஊர் ரயில் நிலையத்திலும்
டிக்கெட் வாங்கிக் கிழிக்கும்.
அப்படி ஒரு முகம்.

என் வேலை தொடர்ச்சி பார்ப்பது.
சிகரெட் எவ்வளவு எரிந்திருந்தது,
கோப்பையில் தேநீர் எந்த மட்டம்,
பிணத்தின் இடக்கை விரல்கள்
மூடியிருந்தனவா விரிந்திருந்தனவா,
எல்லாம் குறித்துக்கொள்ள வேண்டும்.
பிணம் பெரும்பாலும் எட்கர்தான்.
"இப்போது மூச்சு விடலாமா, மிஸ் லிட்கேட்?" என்பார்
கண்ணைத் திறக்காமல்.

என் நோட்டுப் புத்தகங்களில்
அவர் பதினேழு முறை போலீஸ்காரர்.
கான்ஸ்டபிளாகச் சேர்ந்து
முப்பது வருடத்தில் சார்ஜெண்ட்.
இன்ஸ்பெக்டர் பதவி கடைசிவரை
தாடை எடுப்பானவர்களுக்கே போனது.
மற்றபடி பாதிரி, பால்காரர்,
உயில் வாசிக்கும் வக்கீல்,
இரண்டு தடவை ஜெர்மன் அதிகாரி
(அதில் ஒருவன் நல்லவன்).
"வண்டி தயார், ஐயா"
என்ற ஒரே வரியை ஏழு விதமாய்ச் சொல்வார்.
ஒவ்வொரு விதத்திலும் ஒரு வேலைக்காரன்
வேறு வேறு அளவு சம்பள பாக்கியோடு
வாசலில் நிற்பான்.

தெருவில் யாரும் அவரை
நடிகர் என்று மறித்ததில்லை.
"பிரெஸ்டன் வங்கியில் இருந்தீர்கள் அல்லவா?"
"எங்கள் அப்பாவோடு கடற்படையில்...?"
இல்லை என்று எட்கர் சொன்னதே கிடையாது.
அப்பா எப்படி இருக்கிறார் என்று விசாரிப்பார்.
குராய்டன் பேருந்தில் ஒருமுறை
நனைந்த கோட்டோடு ஒரு பெண்மணி
"என் கணவரின் பல்லை மாற்றிப் பிடுங்கியவர் நீங்கள்தானே"
என்று சண்டைக்கு வந்தாள்.
மன்னிப்புக் கேட்டார்.
எந்தப் பல் என்றும் கேட்டுக்கொண்டார்.
இறங்கி நடக்கையில் என்னிடம்,
"நல்ல வேடம். வசனம்தான் குறைவு."

அறுபத்தேழு நவம்பரில்
ஒரே ஒரு முறை கதை அவரைச் சுற்றி வந்தது.
ஊருக்கெல்லாம் கடிதம் கொடுக்கிற தபால்காரர்,
மகனுக்குத் தான் எழுதியதைப்
பெட்டியில் போட முடியாமல் அலைகிறார்.
முழுசாய் ஒரு மணி நேரம்.
மூன்றாம் எண் ஸ்டுடியோ, வெளியே பனிமூட்டம்.
கடைசிக் காட்சியில்
பெட்டியின் வாய்க்குள் கடிதத்தைப் பாதி நுழைத்தவர்
அப்படியே நின்றார்.
ஒத்திகையில் இல்லாத நிற்றல்.
கேமராவுக்குப் பின்னால் ஹாக்ஸ்வர்த்,
சொந்தக் கல்யாணத்திலேயே சிரிக்காத மனிதர்,
சட்டைக் கையால் மூக்கைத் துடைத்தார்.
நான் கடிகாரம் பார்க்க மறந்தேன்.
நாற்பது வருட வேலையில்
நொடிக்கணக்கு இல்லாத பக்கம்
அது ஒன்றுதான்.

நாடா அன்று விலை கூடுதல்.
அதை அழித்துக் கால்பந்தாட்டம் ஒன்றைப் பதிந்தார்கள்.
கோல் விழாத ஆட்டம்.
விஷயத்தை நான்தான் போய்ச் சொன்னேன்.
"யாரும் யாரும் ஆடினார்கள்?" என்றார்.
கொஞ்ச நேரம் கழித்து,
"மழையா அன்றைக்கு?"

தொண்ணூற்றொன்றில் அக்ரிங்டனில்,
தன் சொந்தப் படுக்கையில் போனார்.
வாடகை உடுப்பு இல்லை, விளக்கு வெளிச்சம் இல்லை.
இடக்கை விரல்கள் விரிந்திருந்தன.
பழக்க தோஷம், குறித்துக்கொண்டேன்.

இப்போது மதிய வேளைகளில்
பழைய தொடர்களை மறுபடி போடுகிறார்கள்.
நேற்று எட்கர் தட்டோடு உள்ளே வந்தார்.
கோப்பை விளிம்புவரை தேநீர்.
சீமாட்டி ஜன்னல் பக்கம் திரும்புகிறாள்.
அடுத்த ஷாட்டில் பாதிதான் இருக்கிறது.

என் தவறு. சந்தேகமே இல்லை.
கோப்பையை யாரும் தொடவில்லை.
சீமாட்டிக்குக் கையில் விசிறி,
பிரபுவுக்குக் கையில் துப்பாக்கி.

கேமரா பார்க்காத அந்த வெட்டுக்குள்
எட்கர்தான் ஒரு வாய் குடித்திருப்பார்.
சர்க்கரை போதாது என்றும்
நினைத்திருப்பார்.